நெற்பூ விரியும் நேரம்: ஒகாவா ஷின்ஸுகேயின் கிராமப் படங்கள்



பத்தாண்டு நிறைவைக் கொண்டாடும் மேடையில், ஒரு படத்திற்காக ஒரே சிற்றூரில் பத்தாண்டுகளுக்கும் மேலாகக் குடியிருந்த ஒரு கலைஞரைப் பற்றிப் பேசுவது பொருத்தமாகவே இருக்கும். அவர் ஜப்பானிய ஆவணப்பட இயக்குநர் ஒகாவா ஷின்ஸுகே. 1935இல் பிறந்து 1992 பெப்ரவரி 7ஆம் நாள் புற்றுநோயால் மறைந்தவர். பெரிய நிறுவனங்களின் பணத்தையும் திரையரங்குகளின் தயவையும் நாடாமல் படம் எடுத்தவர். அவர் எடுத்த கிராமத்துப் படங்கள் இரண்டு, ஒவ்வொன்றும் மூன்றரை மணி நேரம் ஓடுபவை. அவற்றில் நாயகன் என்று ஒருவன் இல்லை. ஒரு படத்தில் குளிர்காற்றும், மற்றொன்றில் நெற்பயிரும் அந்த இடத்தைப் பிடித்துக்கொள்கின்றன.

கிராமத்தைப் படம் பிடிக்கப் புறப்பட்டு வருவோர் பெரும்பாலும் இரண்டு வகையினர். ஒரு சாரார் அதன் அழகைக் கண்டு மயங்கி, மாலை வெயிலில் வரப்பின்மேல் நடந்து செல்லும் கிழவியின் நிழலோடு திரும்பிவிடுகிறார்கள். மற்றொரு சாரார் அதன் துயரைக் கண்டு உருகி, வெடித்த நிலத்தையும் வெறித்த கண்களையும் எடுத்துக்கொண்டு போகிறார்கள். இரு சாராரிடத்தும் நல்லெண்ணம் உண்டு. ஆனால் இரண்டிலுமே கிராமத்தான் பேசுவதில்லை, பேசினாலும் அரை நிமிடத்திற்குமேல் அவனைப் பேச விடுவதில்லை. ஒகாவா இந்த இரு வகையிலும் சேராதவர். எனினும் தொடக்கத்தில் அவரும் வெளியிலிருந்து வந்தவர்தாம். அவர் வந்தது ஒரு போராட்டத்தைப் படம்பிடிக்க.

இவனாமி என்னும் படநிறுவனத்தில் தொழில் கற்றவர் அவர். 1960களின் நடுவில் அங்கிருந்து வெளியேறி, மாணவர் போராட்டங்களைப் பற்றிச் சில படங்களை எடுத்தார். ‘இளமையின் கடல்’ 1966இலும், ‘ஒடுக்குமுறையின் காடு’ 1967இலும் வந்தன. ஒத்த கருத்துடைய இளைஞர்கள் அவரைச் சுற்றித் திரண்டனர். 1968இல் அந்தக் குழு தோக்கியோவுக்குக் கிழக்கே, சிபா மாநிலத்தில் உள்ள சன்ரிஸூகா என்னும் ஊருக்குச் சென்றது.

சன்ரிஸூகாவில் நடந்ததைச் சற்று விரித்துக் கூறவேண்டும். 1966 ஜூலையில் ஜப்பானிய அமைச்சரவை, தோக்கியோவுக்கான புதிய பன்னாட்டு விமான நிலையத்தை அந்தப் பகுதியில் அமைப்பதென்று முடிவு செய்தது. நிலத்துக்கு உரியவர்களை யாரும் கேட்கவில்லை. அவர்களில் சிலர் தலைமுறை தலைமுறையாக அங்கே பயிரிட்டு வந்தவர்கள். வேறு சிலர் இரண்டாம் உலகப்போருக்குப் பிறகு, அரச குடும்பத்துக்குரிய மேய்ச்சல் நிலத்தின் ஒரு பகுதியைக் கையால் திருத்தி விளைநிலமாக்கியவர்கள். தாங்கள் வெட்டித் திருத்திய மண்ணைக் கொடுக்க மறுத்தார்கள். மாணவர்கள் துணைக்கு வந்தார்கள். நரிதா விமான நிலையம் என்று இன்று பயணிகள் அறிந்திருக்கும் அந்த இடம், 1978 மே மாதத்தில் முதல் விமானங்களை ஏற்பதற்கு முன் பன்னிரண்டு ஆண்டுப் போர்க்களமாக இருந்தது.

அந்தப் போர்க்களத்தில் ஒகாவாவின் காமிரா எங்கே நின்றது என்பதைக் கவனிக்கவேண்டும். முதற்படமான ‘சன்ரிஸூகாவின் கோடை’யில் அது விவசாயிகளின் பக்கத்தில், அவர்களுடைய தோளுக்கு அருகே நிற்கிறது. போலீஸார் எப்போதும் எதிரிலிருந்தே வருகிறார்கள். நடுநிலை என்ற பெயரில் இரு தரப்புக்கும் இடையே ஒரு மேடு தேடி நின்றுகொள்ள அவர் விரும்பவில்லை. 1971இல் வந்த ‘இரண்டாம் கோட்டையின் மக்கள்’ படத்தில், நிலத்தைக் கைப்பற்ற வருவோரைத் தடுக்கப் பெண்கள் தங்களைச் சங்கிலியால் பிணைத்துக்கொள்கிறார்கள். விவசாயிகள் பூமிக்கடியில் சுரங்கம் வெட்டி அதற்குள் குடியிருக்கிறார்கள். வெளியே அத்தனை ஆரவாரம். ஆனால் அந்தச் சுரங்கத்துக்குள் ஒருவர், உள்ளே காற்று எப்படி வருகிறது என்பதைக் கிணறு வெட்டியவன் தன் கிணற்றைக் காட்டுவது போல நிதானமாக விளக்குகிறார். படக்குழு அவரை அவசரப்படுத்தவில்லை. ஒகாவாவின் பிற்காலப் படங்கள் அனைத்தும் அந்தச் சுரங்கத்திலேயே தொடங்கிவிட்டன என்று சொல்லத் தோன்றுகிறது.

அந்த நிதானம் 1973இல் ‘ஹேதா கிராமம்’ என்ற படமாக முழு உருவம் பெற்றது. போராட்டப் பகுதிக்குள் அமைந்த ஒரு சிற்றூர் ஹேதா. 1971 செப்டம்பரில் நிகழ்ந்த மோதலில் போலீஸார் மூவர் இறந்திருந்தனர். அதன் விளைவாக ஊர் இளைஞர்கள் கைது செய்யப்பட்டுக்கொண்டிருந்தார்கள். போராட்டத்தில் முன்நின்ற ஓர் இளைஞர் தற்கொலை செய்துகொண்டிருந்தார். செய்திப்படம் எடுப்பவனுக்கு இதைவிடச் சூடான களம் கிடைக்காது. ஒகாவாவோ கிழவர்களும் கிழவிகளும் பேசுவதை வெட்டாமல் காட்டுகிறார். இடுகாட்டைப் பற்றி, ஊர்ச் சடங்குகளைப் பற்றி, நிலத்தை விற்றவனோடு ஊர் உறவை முறித்துக்கொள்வதைப் பற்றி அவர்கள் பேசுகிறார்கள். பேச்சு நின்றபின் வரும் மௌனத்தையும் காமிரா விட்டுக் கொடுப்பதில்லை. ஒளிப்பதிவாளர் தமுரா மசாகியின் கண் இந்தப் படத்தில்தான் முதிர்ந்தது எனலாம். எதிர்ப்பு எதிலிருந்து எழுகிறது என்ற கேள்விக்குக் கோஷங்களில் கிடைக்காத விடை, அந்தக் கிழவர்கள் காலத்தை அளக்கும் முறையில் கிடைத்தது. அறுவடைக்கும் அறுவடைக்கும் இடையே, பாட்டனின் கல்லறைக்கும் பேரனின் பிறப்புக்கும் இடையே ஓடும் காலம் அது. விமான நிலையத்தைத் திட்டமிட்டவர்களின் நாட்காட்டியில் அதற்கு இடமில்லை.

இங்கேதான் ஒகாவாவுக்கும் அவருடைய குழுவுக்கும் ஓர் இக்கட்டு நேர்ந்தது. ஆண்டுக்கணக்காக விவசாயிகளோடு தங்கியும், அவர்களுக்கு விவசாயம் தெரியாது. நிலத்துக்காக உயிரைக் கொடுக்கத் துணிந்தவர்களைப் படமாக்கினார்கள். அந்த நிலத்தில் ஒரு நெல் எப்படி முளைக்கிறது என்பதை அறியாதவர்களாகவே படமாக்கினார்கள். இந்தக் குறையை உணர்ந்த கலைஞர்கள் வேறு சிலரும் இருக்கலாம். உணர்ந்தபின் ஒகாவா செய்ததை அவர்களில் எத்தனை பேர் செய்வார்கள் என்பதுதான் ஐயம்.

1970களின் நடுவில் குழு வடக்கே புறப்பட்டது. யமகாதா மாநிலத்தில், கமினோயாமா நகரைச் சேர்ந்த மகினோ என்னும் சிற்றூர். அழைத்தவர் அவ்வூர் விவசாயியும் கவிஞருமான கிமுரா மிச்சியோ. ஒரு பழைய வீட்டில் குடியேறினார்கள். வயலைக் குத்தகைக்குப் பெற்று நெல் பயிரிட்டார்கள். போராட்டம் முடியாதிருக்கும்போதே களத்தை விட்டுவிட்டுப் போகிறார் என்ற பழி எழுந்தது. அது முற்றிலும் அநியாயமான பழி என்றும் சொல்லிவிட முடியாது. 1977இல், போராட்டக்காரர்கள் எழுப்பிய இரும்புக் கோபுரம் இடிக்கப்பட்ட மே மாதத்தில், குழு சன்ரிஸூகாவுக்குத் திரும்பி இன்னும் ஒரு படம் எடுத்தது. ஆனால் அவர்களுடைய வீடு அதற்குள் மகினோவாகிவிட்டது.

மகினோவில் எடுத்த முதற் படங்கள் அடக்கமானவை. ஒன்று ஊர்க் குப்பையை அகற்றும் நிலையத்தைப் பற்றியது. மற்றொன்று 1977இல் வந்த, பட்டுப்புழு வளர்ப்பைப் பற்றிய படம். புழு வளர்ப்பைக் குழுவினர் ஊராரிடம் மாணவர்களாக இருந்து கற்றார்கள். கற்றதையே படமாகவும் எடுத்தார்கள். தெரிந்துகொண்டு படமெடுப்பதும், படமெடுத்துத் தெரிந்துகொள்வதும் அவர்களுக்கு ஒரே தொழிலாகிவிட்டது.

1980இல் வட ஜப்பானில் கோடை குளிர்ந்துபோனது. நெல்லுக்கு இது எத்தகைய கேடு என்பதைத் தமிழ்நாட்டு விவசாயி உடனே உணரமாட்டான். இங்கே அஞ்சப்படுவது வறட்சியும் வெள்ளமும். அங்கே கதிர் உள்ளே உருவாகும் சூல் பருவத்தில் சில நாட்கள் குளிர் தாக்கினால், மகரந்தம் மலடாகிவிடும். பயிர் பச்சையாக நிற்கும். கதிரும் வெளிவரும். பால் மட்டும் பிடிக்காது. அறுத்துப் பார்த்தால் அத்தனையும் சாவி. அந்தச் சில நாட்களில் வயலில் நீரை உயர்த்தி நிறுத்துவார்கள், நீரின் வெதுவெதுப்பு இளங்கதிரைக் காக்கும் என்பதற்காக. கமினோயாமாவின் மலைப்பகுதியில் உள்ள ஃபுருயாஷிகி என்னும் ஊர் அந்த ஆண்டுக் குளிரில் பலத்த அடி வாங்கியது. எட்டே குடும்பங்கள் எஞ்சியிருந்த ஊர் அது. ஒகாவாவின் குழு அங்கே சென்றது. அதன் விளைவுதான் 1982இல் வெளிவந்த ‘ஜப்பான் நாட்டு ஃபுருயாஷிகி கிராமம்’. 1984இல் பெர்லின் திரைப்பட விழாவில் பன்னாட்டு விமர்சகர் பரிசு அதற்குக் கிடைத்தது.

படத்தின் முற்பகுதி ஏறத்தாழ ஒரு விஞ்ஞானப் பாடம். குளிர் எங்கிருந்து வந்தது, எந்த வயலைத் தாக்கியது, பக்கத்து வயலை ஏன் விட்டது? ஊரார் அந்த வெண்பனிக் காற்றுக்கு ‘வெள்ளைத் தென்றல்’ என்று பொருள்படும் ஒரு பெயர் வைத்திருக்கிறார்கள். (தென்றல் என்ற சொல்லைக் கேட்டதும் குளிர்ந்து மகிழும் தமிழ்ச் செவிக்கு இது விந்தையாகப் படும். அங்கே தெற்கிலிருந்து வருவது பயிரைக் கொல்லும் காற்று.) குழுவினர் வயல்தோறும் வெப்பநிலை அளக்கிறார்கள். பள்ளத்தாக்கு முழுவதற்கும் ஒரு மாதிரி உருவம் செய்து, அதன்மேல் வெண்புகையை வழியவிட்டு, கனத்த குளிர்காற்று எந்த மலையிடுக்கின் வழியே இறங்கி எந்த வயலில் தேங்குகிறது என்று காட்டுகிறார்கள். ஒகாவாவே திரையில் தோன்றி, பள்ளிக்கூட வாத்தியாரைப் போலப் படம் காட்டி விளக்குகிறார். பொறுமையற்றவர்கள் இந்தக் கட்டத்தில் எழுந்து போய்விடக்கூடும். அவர்களுக்குத்தான் நட்டம்.

ஏனென்றால் அந்தப் புகை மாதிரி உருவத்தின்மேல் மெல்லப் பரவும்போது, பார்ப்பவனுக்கு அந்தப் பள்ளத்தாக்கு முதன்முறையாகப் புரிகிறது. அதன்பின் கிராமத்து வீடுகளும் மனிதர்களும் காட்டப்படும்போது, அவர்கள் வெறும் காட்சிப்பொருளாகத் தெரிவதில்லை. காற்றோடு கணக்குத் தீர்த்துக்கொண்டே ஒரு வாழ்நாளைக் கழித்தவர்களாகத் தெரிகிறார்கள். பிற்பகுதி முழுவதும் அவர்களுடைய பேச்சுத்தான். கரி சுட்டுப் பிழைத்த காலம், பட்டுப்புழு வளர்த்த காலம், ஊரைவிட்டுப் போனவர்கள், போரிலிருந்து திரும்பாதவர்கள். போருக்குப் போய்த் திரும்பிய ஒருவர், பட்டாளத்தில் ஊதிய எக்காளத்தை மீண்டும் எடுத்து ஊதுகிறார். அந்த ஒலியில் பெருமையா, துக்கமா, பழக்கமா என்று எவரும் பிரித்துச் சொல்ல இயலாது. படமும் சொல்லவில்லை. பேரரசின் போர் எட்டுக் குடிசைவரை எப்படி வந்து போனது என்பதை எத்தனையோ வரலாற்று நூல்களைவிட அந்த எக்காளம் நன்றாகச் சொல்லிவிடுகிறது. படத்தின் தலைப்பில் ‘ஜப்பான் நாட்டு’ என்ற அடைமொழி ஏன் வந்தது என்பதும் அப்போதுதான் விளங்குகிறது.

அடுத்த படம் 1986இல் முடிந்தது. ‘ஆயிரம் ஆண்டுகளைப் பொறித்த சூரியக் கடிகாரம்: மகினோ கிராமக் கதை’ என்று அதன் நெடுந்தலைப்பைத் தமிழில் சொல்லலாம். இதில் நெல் பூக்கும் காட்சி ஒன்று உண்டு. நெல்லுக்குப் பூ உண்டு என்பதே சோறு உண்ணும் பலருக்குத் தெரியாது. கதிர் வெளிவந்தபின் ஒரு முற்பகலில், வெயில் ஏறும் வேளையில், உமியாகப் போகும் இரண்டு செதில்கள் மெல்லத் திறக்கின்றன. ஆறு மகரந்தத் தாள்கள் நீண்டு வெளியே வருகின்றன. தூள் தன் பூவின் சூல்முடிமேலேயே உதிர்கிறது. ஓரிரு மணி நேரத்துக்குள் செதில்கள் மூடிக்கொள்கின்றன. அவ்வளவுதான் அந்தப் பூவின் வாழ்வு. அந்த வேளையில் வெயில் உண்டா, மழை உண்டா, குளிர் உண்டா என்பதே அவ்வாண்டுச் சோற்றைத் தீர்மானிக்கிறது. காலத்தைச் சுருக்கிக் காட்டும் ஒளிப்பதிவு முறையால் இந்த நிகழ்ச்சி திரை நிறைய விரியும்போது, பார்வையாளர் மூச்சை அடக்கிக்கொண்டு பார்க்க நேர்கிறது. தாமே நட்டு, தாமே களை பறித்து, தாமே நீர் கட்டிய பயிர் என்பதால்தான் அந்தப் பூவின் நேரம் அவர்களுக்குத் தெரிந்திருந்தது. வாடகைக் காரில் வந்து இறங்கிய காமிராவுக்கு அந்த முற்பகல் கிடைத்திருக்காது.

பூவிலிருந்து படம் மண்ணுக்குள் இறங்குகிறது. வயலைத் தோண்டும்போது ஜோமோன் காலத்து மட்பாண்டங்களும் வாழ்விடத் தடயங்களும் வெளிப்படுகின்றன. ஆயிரம் ஆண்டு என்ற தலைப்பே குறைவு என்று சொல்லுமளவுக்குப் பழமையானவை அவை. மண்ணிலிருந்து படம் கதைக்குள் நுழைகிறது. பதினெட்டாம் நூற்றாண்டில் அப்பகுதியில் நிகழ்ந்த ஒரு விவசாயக் கிளர்ச்சியையும், அதன் தலைவர்கள் விசாரிக்கப்பட்டுத் தண்டிக்கப்பட்டதையும், அவர்கள் நினைவாக எழுந்த ஒரு கோயிலையும் ஊரார் மறக்கவில்லை. அந்த நிகழ்ச்சியை ஒகாவா நடிக்கச் செய்து படமாக்கினார். ஆண்டைகளாகத் தொழில்முறை நடிகர்கள், குடிகளாக மகினோ விவசாயிகள். தம் முன்னோரின் வேடத்தைத் தாமே ஏற்று விசாரணைக் களத்தில் மண்டியிட்டார்கள். மற்றொரு கதையில், புட்டோ என்னும் நவீன நடனத்தைத் தோற்றுவித்த ஹிஜிகாதா தட்ஸுமியும் நடிகை மியாஷிதா ஜுன்கோவும் தோன்றுகிறார்கள். ஹிஜிகாதாவும் அந்த வட நாட்டு மண்ணில் பிறந்தவர்; 1986 ஜனவரியில் மறைந்தார். ஆவணப்படத்தில் நாடகத்தை நுழைக்கலாமா என்று இலக்கணம் பேசுவோர் கேட்கலாம். அந்த விவசாயிகளின் நினைவில் கிளர்ச்சியும் விதைப்பும் ஒரே அடுக்கில்தான் கிடக்கின்றன. அதை அடுக்கு மாறாமல் எடுத்துக் காட்டியதே ஒகாவாவின் உண்மை. 1987இல் இப்படத்தைக் காட்டுவதற்கென்றே கியோத்தோ நகரில் மரமும் மண்ணும் வைக்கோலும் கொண்டு ஓர் அரங்கு எழுப்பப்பட்டது.

இவ்வளவு சொன்னபின், சொல்லாமல் விடக்கூடாத ஒன்றும் உள்ளது. இந்தப் பொறுமைக்கு விலை கொடுத்தது யார்? ஒகாவாவின் குழு ஒரு கூட்டு வாழ்வு. உறுப்பினர்களுக்குச் சம்பளம் இல்லை. ஒரே கூரை, ஒரே அடுப்பு. இளமையின் மிகச் சிறந்த ஆண்டுகளைப் பலர் அங்கே கழித்தார்கள். படத்தின் புகழ் பெரும்பாலும் ஒருவர் பெயரில் சேர்ந்தது. பெண்கள் சமைத்தார்கள், கணக்குப் பார்த்தார்கள், கடன் கேட்டு வந்தவர்களுக்குப் பதில் சொன்னார்கள். காமிராவுக்குப் பின்னே நிற்கும் வாய்ப்பு அவர்களுக்கு அரிதாகவே வாய்த்தது. ஒகாவா மறைந்தபின் பெருங்கடன் எஞ்சியது. அமெரிக்க இயக்குநர் பார்பரா ஹேமர் 2000ஆம் ஆண்டில் எடுத்த ஆவணப்படத்தில், பழைய உறுப்பினர்கள் இவற்றையெல்லாம் மனம்விட்டுப் பேசினார்கள். பேசியவர்களிடம் கசப்பும் இருந்தது, பற்றும் இருந்தது. சன்ரிஸூகாவில் உரியவர்களைக் கேட்காமல் நிலம் எடுக்கப்பட்டதைக் கண்டு கொதித்த ஒரு மனிதர், தம்மைச் சுற்றியிருந்தவர்களின் ஆண்டுகளைக் கேட்டுத்தான் எடுத்துக்கொண்டாரா என்ற கேள்வி எழாமல் இருக்காது. கேட்டார் என்றும் முழுமையாகச் சொல்ல முடியாது. அவர்கள் விரும்பாமல் கொடுத்தார்கள் என்றும் சொல்ல முடியாது. படங்களின் மேன்மை இந்தக் கேள்வியைத் தீர்த்துவிடாது. இந்தக் கேள்வியும் படங்களின் மேன்மையைக் குறைத்துவிடாது. இரண்டையும் சேர்த்தே சுமக்க வேண்டியதுதான்.

1989இல், யமகாதா நகரின் நூற்றாண்டையொட்டி, ஆசியாவின் முதல் பன்னாட்டு ஆவணப்பட விழா அங்கே தொடங்கப்பட்டது. அதற்குப் பின்னணியில் இருந்தவர்களுள் ஒகாவா முதன்மையானவர். முதல் விழாவின் போட்டிப் பிரிவில் ஆசியப் படம் ஒன்றேனும் இடம்பெறவில்லை. வந்திருந்த ஆசிய இயக்குநர்கள் கூடிப் பேசி, தங்கள் நிலைமையைப் பற்றி ஓர் அறிக்கை வெளியிட்டார்கள். அந்தக் கூட்டத்தை ஊக்கியவரும் அவரே. பின்னர் இளம் ஆசிய இயக்குநர்களுக்கென அவ்விழாவில் தனிப் பிரிவு ஏற்பட்டது. அதில் வழங்கப்படும் பரிசுக்கு ஒகாவாவின் பெயர் சூட்டப்பட்டது.

இறுதியாக ஒரு செய்தி. மகினோப் படத்தை எடுத்துக்கொண்டிருந்த காலத்தில், அப்பகுதியில் விளையும் சிவந்த சீமைப்பனிச்சைப் பழங்களைப் பற்றியும் குழுவினர் நிறையப் படம் எடுத்திருந்தார்கள். துவர்ப்பான அந்தப் பழத்தைத் தோல் சீவி, கயிற்றில் கோத்து, வீட்டு முகப்பில் தொங்கவிட்டு உலர்த்தினால் இனிப்பாகிவிடும். தோல் சீவுவதற்கு ஊரார் தாமே கருவிகள் செய்துகொண்டார்கள். கத்தியில் தொடங்கிக் கையால் சுற்றும் பொறிவரை, தலைமுறைக்கொன்றாக. அவற்றைச் செய்தவர்கள் தங்கள் கண்டுபிடிப்பை, சுரங்கத்தில் காற்றுவழியைக் காட்டிய அந்தச் சன்ரிஸூகா விவசாயியைப் போலவே, நிதானமாக விளக்குகிறார்கள். நீண்ட படத்தில் இதற்கு இடமில்லாமற் போயிற்று. சுருள்கள் பெட்டிக்குள் கிடந்தன. ஒகாவா மறைந்து சில ஆண்டுகளுக்குப் பின், அவருடைய ஊக்கத்தால் ஜப்பானுக்கு வந்திருந்த சீன இயக்குநர் பெங் சியாவ்லியன் அவற்றை எடுத்து, தேவையான இடங்களில் புதிதாகப் படம்பிடித்துச் சேர்த்து, 2001இல் ‘செம்பழங்கள்’ என்று பொருள்படும் ஒரு படமாக முடித்தார். பழையனவும் புதியனவும் அருகருகே வருகின்றன. முன்பு படமெடுக்கப்பட்டவர்களுள் சிலர் பின்னர் எடுத்த பகுதியில் மூத்துப்போயிருக்கிறார்கள். முகப்பில் தொங்கும் பழங்கள் மட்டும் அதே சிவப்பு.